முயல் உடைக்குள் ஒரு ஆகஸ்ட்

டோக்கியோவுக்கு வந்து நாலு மாதம். மாணவர் விசாவில் வாரத்துக்கு 28 மணி நேரம்தான் வேலை பார்க்கலாம். எனக்கோ ஜப்பானிய மொழி அரைகுறை. பேசவே தேவையில்லாத வேலை ஒன்று கிடைத்தது. கடைத்தெரு ஒன்றில் முயல் பொம்மை உடைக்குள் நின்று குழந்தைகளுக்குக் கையசைக்க வேண்டும்.

முதல் நாள் இருபது நிமிடத்தில் வெளியே வந்து பனியனைப் பிழிந்தேன், தரை நனைந்தது. உடைகளைப் பார்த்துக்கொண்ட பெரியவர் குளிர்ந்த பார்லி டீயும் உப்பு மிட்டாயும் கொடுத்துவிட்டு, "நகாஜிமா சானைத் தெரியுமா?" என்று கேட்டார். 'சான்' என்பது பெயருக்குப் பின்னால் சேர்க்கும் மரியாதைச் சொல். போனில் ஒரு படம் காட்டினார். கழுத்து வரை காட்ஸில்லா, மேலே ஒரு மனித முகம்.

ஹருவோ நகாஜிமா, 1929இல் யமகதாவின் சகாடா ஊரில் பிறந்தவர். தோஹோ சினிமா ஸ்டுடியோவில் சின்னச் சின்ன வேஷங்கள். இயக்குநர் குரோசவாவின் 'ஏழு சாமுராய்' (1954) படத்தில் கொள்ளையர்களில் ஒருவர். அதே ஆண்டுதான் காட்ஸில்லா உடைக்குள்ளும் புகுந்தார். முதலில் செய்த உடை ஏறக்குறைய 100 கிலோ; சில அடி நடப்பதே பெரும்பாடு. அப்புறம் எடையைக் குறைத்தார்கள், சூடு மட்டும் குறையவில்லை. 1972 வரை 12 படங்களில் காட்ஸில்லாவாக நடித்தார்.

அந்த மிருகம் எப்படி நடக்கும் என்று சொல்லிக்கொடுக்க யாரும் இல்லை. அதனால் உவேனோ உயிரியல் பூங்காவுக்குப் போய் யானையையும் கரடியையும் பார்த்துக் கற்றுக்கொண்டார். அதைக் கேட்டதும் விடுமுறை நாளில் நானும் அங்கே போய் யானை முன்னால் வெகுநேரம் நின்றேன். காலைப் பெரிதாகத் தூக்காமல், தரையை விட்டுப் பிரிய மனமில்லாததுபோல் வைக்கிறது. ரயிலில் எப்படி நிற்பது, எவ்வளவு குனிந்து வணங்குவது என்பதையெல்லாம் நானும் அப்படிப் பார்த்துப் பார்த்துத்தான் பழகினேன்.

எனக்கு வலித்தது அவர் வாழ்க்கையின் அடுத்த பகுதிதான். ஸ்டுடியோ நடிகர்களின் ஒப்பந்தங்களை முடித்துக்கொண்டபோது, அவரை அதே நிறுவனத்தின் பவுலிங் கூடத்தில் (பந்தை உருட்டிக் கட்டைகளைச் சாய்க்கும் விளையாட்டு) வேலைக்குப் போட்டார்கள். உலகமே பார்த்த நடை, ஆனால் முகத்தை யாருக்கும் தெரியாது. வெளிநாட்டு ரசிகர்கள் தேடிவந்து கொண்டாடியது வெகுகாலம் கழித்துத்தான். 2017 ஆகஸ்டில், 88 வயதில் இறந்தார்.

கடைசி நாள் முயல் தலையைக் கழற்றியதும் பெரியவர் அதைக் கவிழ்த்துக் காட்டினார். உள்ளே ஒட்டியிருந்த வெள்ளை டேப்பில் ஐந்தாறு பெயர்கள். என் பெயரை எப்படி உச்சரிப்பது என்று இரண்டு முறை கேட்டுவிட்டு, கடைசியில், வெளிநாட்டுப் பெயர்களை எழுதும் கதகானா எழுத்தில் எழுதினார்.