காவடி ஆவணப்படத்தின் ஒலியைக் கரைசேர்த்த விதம்

டர்பனில் திரைக்கான ஒலிப்பணியைத் தொழிலாகக் கொள்ள விரும்புகிறவர், இசைத் தொகுப்பையும் ஒலி வடிவமைப்பையும் தனித்தனியே கற்றுக்கொண்டு பிழைத்துவிட முடியாது. பெரிய ஸ்டூடியோக்கள் ஜோகானஸ்பர்க்கிலும் கேப் டவுனிலும் இருக்கின்றன. இங்கு வரும் சிறு பட்ஜெட் படங்களில் இரண்டையும் ஒருவரே பார்க்க வேண்டியிருக்கும். உம்கேனி சாலைக் கோயிலின் தைப்பூசக் காவடியைப் பற்றிய தொலைக்காட்சி ஆவணப்படம் என்னிடம் வந்ததும் அப்படித்தான்.

படத்தொகுப்பாளர் பிக்சர் லாக் ஆகிவிட்டது, அதாவது வெட்டுகள் இறுதியாகிவிட்டன என்று சொல்லி, ஒலித்துண்டுகளையும் அவற்றின் இடங்களையும் கொண்ட ஏஏஎஃப் கோப்பை அனுப்பினார். லாக் ஆன படம் அதன் பிறகும் மாறும் என்பது இத்துறையில் யாவரும் அறிந்ததே. காட்சியில் சில வினாடிகள் குறைந்தால் பேச்சை நகர்த்திவிடலாம். தவிலை அப்படி நகர்த்த முடியாது. நொடிக்கு 25 ஃப்ரேம் ஓடும் படத்தில் ஒரு ஃப்ரேம் என்பது 40 மில்லிவினாடி, 48 கிலோஹெர்ட்ஸ் பதிவில் 1920 சாம்பிள், அதாவது ஒலியின் அளவீட்டுப் புள்ளிகள். படத்தின் வெட்டு ஃப்ரேமின் எல்லையில் விழும். தவிலின் அடியோ அதற்குள் எங்கோ விழும். மேலும் ஊர்வல மேளம் போகப்போக வேகமெடுப்பதால், சீரான வேகத்துக்கு மென்பொருள் போட்டுத்தரும் டெம்போ கட்டங்கள் பயன்படவில்லை. எனவே கையால் தாளம் போட்டு ஆவர்த்தனங்களை, அதாவது தாளத்தின் முழுச் சுற்றுகளை எண்ணி, சுற்றின் தொடக்கமான சமத்தில் விழும் அடிக்குச் சற்று முன்பு வெட்டி, முழு ஆவர்த்தனமாகவே எடுத்தேன். அதனால் உண்டாகும் சிறு மிச்சத்தைக் கூட்டத்தின் இரைச்சலில் ஈடுகட்டினேன். நாதஸ்வரம் இன்னும் கடினமானது: சுரம் அசைந்து வரும் கமகத்தின் நடுவில், ஒரு துண்டு தேய மற்றது எழும் கிராஸ்ஃபேட் போட்டால் ஒரே நேரத்தில் இருவர் வாசிப்பதுபோல் ஒலிக்கும். வாசிப்பவர் மூச்சு வாங்கும் இடத்தில் மட்டும் வெட்டி, தனியே பதிவு செய்திருந்த சுருதியை அடியில் அறுபடாமல் ஓடவிட்டேன்.

ஒலி வடிவமைப்பில் தார்ச்சாலையில் படும் வெறுங்கால்களுக்கு ஃபோலி, அதாவது படத்தைப் பார்த்தபடி ஸ்டூடியோவில் புதிதாக உண்டாக்கும் ஒலி தேவைப்பட்டது. முதுகுக் கொக்கிகளில் தொங்கும் எலுமிச்சம்பழங்களுக்கும் ஏதேனும் சத்தம் வைக்கும்படி இயக்குநர் கேட்டார். அது பார்ப்பவரைப் பயமுறுத்தும் வித்தையாகிவிடும் என்று மறுத்து, தேர்க்கயிறு இறுகும் ஒலியை மட்டும் வைத்தேன்.

மிக்ஸிங்கில், ஐரோப்பிய ஒளிபரப்பாளர் சங்கத்தின் ஈபியு ஆர் 128 விதிப்படி நிகழ்ச்சி முழுமைக்குமான சராசரி ஒலியுரப்பு, அதற்கான அலகான எல்யுஎஃப்எஸ்ஸில் மைனஸ் 23 அளவில் நிற்க வேண்டும். கணக்கு முழுப் படத்துக்கும் என்பதால், பேட்டிப் பகுதிகளின் ஒலியைச் சற்றுக் குறைத்து வைத்தால் மேளத்துக்கு இடம் கிடைக்கும். சராசரி சரியாக இருந்தும் மேளம் உயிரற்று ஒலிக்கும் படங்கள், ஒவ்வொரு காட்சியையும் அதே அளவுக்குச் சமன் செய்ததால் கெட்டவை.

உண்மையான சிக்கல், வேற்றுமொழி டப்பிங்குக்காகக் கொடுக்கும் எம் அண்டு ஈ பதிப்பில் வந்தது. அதில் இசையும் ஒலிகளும் இருக்கலாம், பேச்சு இருக்கக் கூடாது. தரச் சோதனை செய்தவர் ‘வேல் வேல்’, ‘அரோகரா’ முழக்கங்களை வசனமாகக் கருதிக் கோப்பைத் திருப்பி அனுப்பிவிட்டார். அவர் சொன்னபடி நீக்கியபோது, முழக்கம் இல்லாமல் மேளம் மட்டும் ஒலிக்கும் அந்த ஊர்வலம் ஊமைக் கூட்டமாகத் தெரிந்தது. தூரத்து முழக்கத்தை ஒலியின் பகுதியாக எம் அண்டு ஈயிலேயே வைத்து, முகம் தெரியும்படி அருகில் நின்று முழங்குவோரின் குரலைத் வேண்டுவோர் மட்டும் சேர்த்துக்கொள்ளும் தனி டிராக்காகப் பிரித்து, இவை எம்மொழியிலும் மொழிபெயர்க்கப்படாதவை என்ற விளக்கக் குறிப்புடன் மீண்டும் அனுப்பினேன். அது ஏற்கப்பட்டது.

எஞ்சியது கியூ ஷீட். ஒவ்வோர் இசைத்துண்டின் பெயர், உருவாக்கியவர், ஓடும் நேரம், காட்சிக்குள் ஒலிப்பதா பின்னணியா என்பவற்றை அதில் எழுத வேண்டும். ஒளிபரப்பு உரிமத்தொகையைத் தென்னாப்பிரிக்க இசை உரிமை அமைப்பான சாம்ரோ பிரித்துக் கொடுப்பதற்கு இதுவே ஆதாரம். மரபுப் பாடல்களை மரபு என்றே குறித்து, பின்னணிக்காகப் புதிதாக இசையமைத்தவரின் பெயரை அவர் உறுப்பினராகப் பதிவு செய்திருந்த எழுத்துகளிலேயே எழுதினேன். எழுத்து மாறினால் தொகை உரியவரைத் தேடி அலையும்.