“கீழை எரியுது மிஸ்”

வன்னியில் கிளினிக்குக்கு வரும் ஒரு பெண் “கீழை எரியுது மிஸ்” என்று சொன்னால், பல இடங்களில் பார்க்காமலே பங்கசுக்கு மருந்து எழுதி அனுப்பிவிடுகிறார்கள். ஒரு கிழமைக்கு குளோட்ரிமசோல் கிறீம், இல்லாவிட்டால் புளுகோனசோல் 150 மில்லிகிராம் குளிசை ஒன்று. எரிவு நிற்காவிட்டால் திரும்பவும் அதே மருந்துதான். இப்படி நாலைந்து தரம் பூசியபின் கிறீமே தோலை உறுத்தத் தொடங்கிவிடும். பங்கசு என்றால் பெரும்பாலும் கடி (அரிப்பு) இருக்கும், திட்டுத் திட்டாக வெள்ளைபடும். கடியில்லாமல் எரிவும் குத்தும் மட்டும் மாதக்கணக்கில் நின்றால் அடுத்த கிறீமை எழுதவேண்டாம், முதலில் பாருங்கள். எங்கள் வேலையில் இதைவிட முக்கியமாகச் சொல்ல வேறொன்றுமில்லை.

பெண்ணுறுப்பின் வெளிப்பகுதியில் குறைந்தது 3 மாதம் நீடிக்கும், தெளிவான காரணம் பிடிபடாத நோவை வல்வோடினியா என்கிறோம். இந்த வரையறை 2015இல் சர்வதேச மருத்துவச் சங்கங்கள் கூடி ஒத்துக்கொண்டது. சிலருக்குத் தொட்டால் மட்டும் நோகும், அதுவும் யோனி வாசலில். சிலருக்குத் தொடாமலே நாள் முழுக்க எரியும். தோல் பார்வைக்குச் சாதாரணமாகவே இருக்கும். “றிப்போட் எல்லாம் நோர்மல், ஒண்டுமில்லை” என்று திருப்பி அனுப்புவது இதனால்தான். நரம்புகள் கூருணர்ச்சி கொண்டுவிட்டதால் மெல்லிய தொடுகையே நோவாக ஏறுகிறது. இது அவள் மனதில் கற்பனை செய்யும் நோ அல்ல.

சோதனைக்கு வேண்டியது பஞ்சுக்குச்சி ஒன்று, நல்ல வெளிச்சம், பூட்டக்கூடிய கதவு. தாதியோ குடும்பநல உத்தியோகத்தரோ பக்கத்தில் நிற்கவேண்டும். பஞ்சை நனைத்து முதலில் உள்தொடையில் தொட்டுக் காட்டுங்கள்: “இப்பிடித்தான் தொடுவன், நோகாத இடம் இது. நிப்பாட்டச் சொன்னா உடனே நிப்பாட்டுவன்.” பிறகு வெளியுதடு, உள்ளுதடு, கடைசியாக யோனி வாசல். வாசலை மணிக்கூட்டு முகமாக எடுத்தால் 12 மேலே, 6 மலவாசல் பக்கம். ஒவ்வொரு புள்ளியிலும் தோல் சற்றே பதியும் அளவுக்குத்தான் அழுத்தவேண்டும், ஊன்றக்கூடாது. 0 முதல் 10 வரை எவ்வளவு நோ என்று கேட்டுக் கீறிய படத்தில் குறியுங்கள். தொட்டால் நோகும் வகையில் மணிக்கூட்டின் 4க்கும் 8க்கும் இடைப்பட்ட கீழ்ப்பாதியில்தான் நோவின் இலக்கம் கூடும். அடுத்த தவணையில் அதே படத்தோடு ஒப்பிட்டுப் பார்த்தால்தான் மருந்து கேட்கிறதா என்று தெரியும். யோனியை விரித்துப் பார்க்கும் கருவியான ஸ்பெக்குலம் போடுவது இதற்குப் பிறகுதான், அதுவும் தேவைப்பட்டால் மட்டும். அதை முதலில் போட்டால் தசை இறுகிவிடும், பிறகு எங்கே தொட்டாலும் நோதான்.

வேறு நோய் இல்லையென்று உறுதிப்படுத்துவதும் இந்தப் பார்வையிலேயே நடக்கவேண்டும். தோல் வெள்ளையாகி, மெலிந்து சுருங்கி, உள்ளுதடு ஒட்டியிருந்தால் அது லைக்கன் ஸ்கிளரோசஸ் என்ற தோல்நோயாக இருக்கலாம். அதற்கு வலுவான ஸ்டெரொய்ட் களிம்பு வேண்டும், காலமெல்லாம் கண்காணிக்கவேண்டும். மாதவிடாய் நின்றவர்களுக்கு உலர்வும் எரிவும் வந்தால் ஈஸ்ட்ரஜன் கிறீம் கைகொடுக்கும். பங்கசு திரும்பத் திரும்ப வந்தால் இரத்தத்தில் சீனியைச் சோதியுங்கள். ஆறாத புண், கட்டி, மாதவிடாய் நின்றபின் இரத்தம் ஆகியவற்றை ஒரு நாளும் வல்வோடினியாவில் சேர்க்கவேண்டாம். தாமதிக்காமல் பெண்நோயியல் நிபுணரிடம் அனுப்புங்கள்.

முதல் சிகிச்சை நிறுத்தவேண்டியவற்றை நிறுத்துவது. டெற்றோல் கலந்த தண்ணீர், வாசனைச் சவர்க்காரம், வேப்பிலை அவித்த தண்ணீர், உப்புத் தண்ணீர் எல்லாம் அந்த இடத்துக்கு ஆகாது. எரிவு கூடக்கூட இன்னும் கழுவுவது இங்கே வழமை, அது எரிவை வளர்க்கும். ஒரு நாளைக்கு ஒருதரம், வெறும் தண்ணீர், வெறும் கை போதும். துவாயால் ஒற்றவேண்டும், தேய்க்கக்கூடாது. உள்ளாடை பருத்தியாக இருக்கட்டும், சலவைத்தூள் போக இரண்டுதரம் அலசுங்கள். வயலில் நிற்பவர்கள், ஆடைத் தொழிற்சாலையில் நாள் முழுக்க இருந்து தைப்பவர்கள், தடித்த காற்சட்டையோடு வெயிலில் முழங்காலில் நின்று கண்ணிவெடி அகற்றுபவர்கள் ஆகியோரிடம் “இறுக்கமா போடாதேங்கோ” என்று சொல்லி என்ன பயன்? வேலை முடிந்தவுடன் ஈர உடுப்பை மாற்றச் சொல்லலாம். மத்தியானத்துக்கு மாற்று உள்ளாடை ஒன்று பையில் வைக்கச் சொல்லலாம். இவை நடக்கக்கூடியவை.

மருந்தில், மரத்துப்போகச் செய்யும் லிக்னோகெயின் 5 வீதக் களிம்பைப் பயறளவு எடுத்து நோகும் புள்ளியில் மட்டும் இரவில் பூசலாம். முதல் சில நிமிடம் எரியும் என்று முன்கூட்டியே சொல்லாவிட்டால் அன்றோடு விட்டுவிடுவார்கள். தொடாமலே எரிபவர்களுக்கு வைத்தியர் அமிட்ரிப்டிலின் எழுதுவார். இரவில் 10 மில்லிகிராமில் தொடங்கி, கிழமைக்கு 10 ஆகத் தாங்கும் அளவுக்குக் கூட்டுவார்கள். வாய் உலரும், மலம் இறுகும், காலையில் தூக்கம் இழுக்கும். பலன் தெரியச் சில கிழமைகள் செல்லும், திடீரென நிறுத்தக்கூடாது. பலர் இதைக் கைவிடுவது பக்கவிளைவால் அல்ல, “இது மனவருத்தக் குளிசையெல்லோ” என்று யாராவது சொல்லிவிடுவதால். நரம்பு நோவுக்கும் இதே குளிசைதான், அளவு குறைவு என்று கொடுக்கும்போதே விளக்கவேண்டும். அளவு மீறினால் உயிராபத்து, ஆகவே ஒரே தடவையில் கனக்கக் கொடுக்கவேண்டாம், பிள்ளைகளுக்கு எட்டாமல் வைக்கச் சொல்லுங்கள்.

நோவுக்குப் பயந்து இடுப்படித்தசை எப்போதும் இறுகியே கிடக்கும். பிள்ளைப்பேற்றுக்குப் பின் சொல்லிக்கொடுக்கும் இறுக்கும் பயிற்சியை இவர்களுக்குக் கொடுத்தால் நோ ஏறும். தேவை அதற்கு எதிரானது. நிமிர்ந்து படுத்து, முழங்காலை மடித்து, வயிற்றில் கை வைத்து, மூச்சு உள்ளே போகும்போது வயிறு எழும்ப, கீழ்த்தசையைத் தளரவிடவேண்டும். காலையும் மாலையும் 5 நிமிடம். அது பழகியபின் தன் சுண்டுவிரலைத் தேங்காயெண்ணெய் தொட்டு வாசலில் வைத்து மூச்சுவிடப் பழகலாம். ஆனால் தேங்காயெண்ணெய் ஆணுறையைக் கெடுக்கும். இயன்மருத்துவர் கிடைத்தால் அவரிடம் அனுப்புவதே நல்லது.

கல்யாணமாகிப் பல வருடம் பிள்ளையில்லை என்று வருபவர்களில் சிலர் நோவினால் ஒருநாளும் சேர்ந்திருக்க முடியாதவர்கள். யாரும் கேட்காததால் இரத்தச் சோதனை, ஸ்கான் என்று அலைந்திருப்பார்கள். இருவரையும் தனித்தனியாக இருத்தி மென்மையாகக் கேளுங்கள். குணப்படும்வரை சேர்க்கையை நிறுத்தி வைப்பது சிகிச்சையின் பகுதி என்று கணவனுக்கு வைத்தியரே சொன்னால் பழி அவள்மேல் விழாது. அதேநேரம், துணையை இழந்த பெண்களும் மணமாகாதவர்களும் இந்த நோவோடு இருக்கிறார்கள். சைக்கிள் ஆசனத்தில், ஏ9 வீதி பஸ்ஸில், சலம் கழிக்கும்போது நோகிறதா என்று கேட்டால் சொல்வார்கள். “கணவன் எங்கே?” என்று தொடங்கினால் எழும்பிப் போய்விடுவார்கள்.

கிளினிக் கொப்பி வீட்டில் எல்லோர் கையிலும் படும். அதில் “நரம்பு நோ, மருந்து தொடர்கிறது, அடுத்த தவணை 6 கிழமை” என்று மட்டும் எழுதி, மணிக்கூட்டுப் படத்தைக் கிளினிக் கோப்பிலேயே வைத்திருங்கள்.