மாடிப்படிக்கு அடியில் முதலமைச்சர்

பழைய நாடாளுமன்றக் கட்டடத்தைத் தாண்டும்போதெல்லாம் மகளுக்கு இந்தக் கதையைச் சொல்லிவிடுவேன். 1955இல் டேவிட் மார்ஷல் சிங்கப்பூரின் முதலாவது முதலமைச்சர் ஆனார். பாக்தாத் யூதக் குடும்பத்துப் பிள்ளை, பெயர்பெற்ற குற்றவியல் வக்கீல். அவருக்கு பிரிட்டிஷ் ஆளுநர் நிக்கல் ஓர் அறைகூட ஒதுக்கவில்லை. 'சரி, மரத்தடியில் மேசை போட்டு உட்காருகிறேன்' என்று மிரட்டிய பிறகுதான் மாடிப்படிக்கு அடியில் ஒரு பொந்து கிடைத்தது. பொந்துதான், வேறென்ன சொல்ல!

மறு ஆண்டே லண்டனில் சுயாட்சிப் பேச்சு முறிந்தது. சொன்னபடி பதவி விலகினார். அப்புறம் 1957இல் பாட்டாளிக் கட்சியைத் தொடங்கினார், 1961இல் ஆன்சன் தொகுதி இடைத்தேர்தலில் வென்றார். துறைமுகத்தில் மூட்டை தூக்கிய என் தாத்தா அந்தத் தொகுதிக்காரர். ஓட்டு யாருக்கு என்று பாட்டியிடம்கூடச் சொல்லவில்லையாம். எனக்குச் சந்தேகமே இல்லை, மார்ஷலுக்குத்தான்.