கேமரா பழகும்வரை
தையல்காரரோ காய்கறி விற்பவரோ, வேறு வேஷம் இல்லாமல் தன் சொந்த வாழ்க்கையோடு ஆவணப்படத்தில் வருகிறவருக்கு முதல் இரண்டு மூன்று நாள் கண்ணெல்லாம் கேமரா மேல்தான் இருக்கும். அந்தக் காட்சிகள் பெரும்பாலும் எடிட்டிங்கில் போய்விடும். பரவாயில்லை, கேமரா அங்கேயே கிடந்து பழகட்டும். தூரத்தில் நின்று ஜூம் செய்யாமல் 28 அல்லது 35 எம்எம் அகலக்கோண லென்ஸோடு பக்கத்தில் நில்லுங்கள்; ஒளிந்து எடுக்கிறார்கள் என்ற எண்ணம் வராது. "இன்னொரு தடவை செய்யுங்க" என்று ஒருமுறை கேட்டுவிட்டால், அப்புறம் அவர் நடிக்கத்தான் செய்வார்.

அதிகம் கெடுவது சத்தம்தான். காலர் மைக் துணியில் உரசினால் பேச்சு முழுக்கச் சரசரக்கும். இரண்டு பக்கமும் டேப் ஒட்டி, ஒயரைச் சின்ன வளையமாக விடுங்கள். பின்னால் பாட்டு ஓடினால் எங்கே வெட்டினாலும் தாவும், உரிமைச் சிக்கல் வேறு. கிளம்புமுன், யாரும் பேசாதபோது அந்த இடத்தின் வெறும் சத்தத்தை 1 நிமிடம் பதிந்துகொள்ளுங்கள்; எடிட்டிங்கில் வெட்டிய இடத்தை நிரப்ப உதவும்.

சம்மதம் ஒரு கையெழுத்தோடு முடிவதில்லை. 1960 கோடையில் பாரிஸ்காரர்களைப் படம்பிடித்த பிரெஞ்சு இயக்குநர் ழான் ரூஷும் சமூகவியலாளர் எட்கார் மொரேனும், எடுத்ததை அவர்களுக்கே போட்டுக்காட்டி, அவர்கள் வாதாடியதையும் படத்தில் சேர்த்தார்கள். நீங்களும் ரஃப் கட்டை, அதாவது முதல்கட்டமாக வெட்டிச் சேர்த்த படத்தை, அவருக்குக் காட்டுங்கள். கடன், நோய், வீட்டுச் சண்டை வரும் இடத்தில் திரையைப் பார்க்காதீர்கள், அவர் முகத்தைப் பாருங்கள். வேண்டாம் என்றால் வெட்டிவிடுங்கள்.