பிள்ளைக்கு குளிரும்லா

எங்க பாப்பா பொறந்தது ஜூன் மாசம், மழை பிடிச்ச அதே வாரம். ஆஸ்பத்திரியில இருந்து தக்கலைக்கு அம்மா வீட்டுக்கு வந்து சேரும்போது ஓட்டுல மழை கொட்டிட்டு இருக்கு, ஜன்னல் எல்லாம் அடச்சாச்சு, கதவிடுக்குல பழைய சாக்கு கூட திணிச்சாச்சு. பாக்க வந்த சொந்தக்காரங்க எல்லாரும் உள்ள வந்ததும் சொன்ன முதல் வார்த்தை, "பிள்ளைக்கு குளிரும்லா".

ஒம்பது நாள் பிள்ள மேல அன்னைக்கு ராத்திரி என்னெல்லாம் கெடந்துச்சுன்னு எண்ணியே சொல்லுதேன். ஜப்லா, அதுக்கு மேல முழுக்கை சட்டை, சாக்ஸ், கையுறை, காதை மூடுற கம்பளிக் குல்லா, பிளானல் துணியில ஒரு சுத்து, இதெல்லாம் போக அண்ணன் துபாய்ல இருந்து கொடுத்து விட்ட மெத்தை மாதிரி ஒரு ஸ்லீப்பிங் பேக். மொத்தம் ஏழு. அதே ரூம்ல நான் ஒரு காட்டன் நைட்டியோட ஃபேன் போட்டு படுத்துக் கெடக்கேன், அதை நினைச்சா இப்போ சிரிப்பா வருது.

ரெண்டு மணிக்கு அழ ஆரம்பிச்சா. பால் குடுத்தேன் குடிக்கல, துணி மாத்துனேன், தோள்ல போட்டு நடந்தேன், ஒண்ணுக்கும் அடங்கல. அம்மா வந்து சாக்ஸுக்குள்ள விரல விட்டு பாத்துட்டு "கால் ஐஸ் மாதிரி இருக்கு மக்ளே, இன்னொரு துணி போடு"ன்னா. போட்டேன், வேற என்ன செய்ய. அப்புறம் மறுபடி தூக்கும்போதுதான் கை தலைக்கு அடியில போச்சு, குல்லா பிழிஞ்சா தண்ணி வரும் போல இருக்கு, பிடரி முடி எல்லாம் தோலோட ஒட்டிக் கெடக்கு, கழுத்து மடிப்புல சிவப்பு சிவப்பா வேர்க்குரு. ஒவ்வொண்ணா கழட்டுனேன். ஜப்லாவும் டயப்பரும் மட்டும் மிச்சம். பத்து நிமிஷத்துல உறங்கிட்டா!

மறுநாள் டாக்டர்கிட்ட சொன்னப்போ அவங்க சொன்னது இதுதான், பச்ச பிள்ளைக்கு கை கால்ல ரத்த ஓட்டம் இன்னும் சரியா பழகியிருக்காது, அதனால கையும் காலும் சில்லுன்னுதான் இருக்கும், அதை பிடிச்சு பாத்து குளிருதுன்னு முடிவு பண்ணக் கூடாது. பிடரியிலயும் நெஞ்சுலயும் கைய வச்சு பாக்கணும். இளஞ்சூடா காஞ்சு இருந்தா சரி, ஈரமாவோ கொதிப்பாவோ இருந்தா ஒரு துணிய எடுத்துரணும். சூடு கூடிப் போச்சுன்னா பிள்ள தலை வழியாத்தான் நிறைய வெளியேத்தும், அங்க போய் நாம குல்லாவ மாட்டி அடச்சு வச்சிருக்கோம். உறக்கத்துல காரணம் தெரியாம குழந்தைங்க இறந்து போறதுக்கு உடம்பு ரொம்ப சூடாகுறதும் ஒரு ஆபத்துன்னு சொன்னாங்க, அப்போ எனக்கு வயித்த கலக்கிருச்சு. நமக்கு எத்தன துணி வேணுமோ அதுக்கு மேல ஒண்ணு, அவ்ளோதான் கணக்கு, புழுக்கமான நாள்ல அந்த ஒண்ணும் வேண்டாம். (மூணு மாசத்துக்குள்ள பிள்ளைக்கு 100.4 ஃபாரன்ஹீட் காய்ச்சல் வந்தா துணி சூடுதானேன்னு வீட்ல இருக்காதீங்க, உடனே காட்டணும், அதையும் சொன்னாங்க.)

வீட்டுக்கு வந்து அண்ணன் குடுத்த பேக்ல டேக் பாத்தேன், 2.5 டாக்னு போட்டிருக்கு. டாக்னா அந்த துணி எவ்ளோ சூட்ட பிடிச்சு வைக்கும்னு ஒரு அளவு. 2.5ங்கிறது 16ல இருந்து 20 டிகிரி செல்சியஸ் வரைக்கும் இருக்குற ரூமுக்கு. அண்ணன் பிளாட்ல ஏசி ராப்பகலா ஓடும், அங்க சரி. நம்ம ஊர்ல மழை ராத்திரியில கூட ரூமுக்குள்ள 26, 27 இருக்கும், அதுக்கு 0.5 போதும், அதுவும் தேவையான்னு யோசிக்கணும்.

கடைசில கைகொடுத்தது எங்க ஆச்சிதான். தாத்தாவோட பழைய நேரியல், தோள்ல போடுற மெல்லிசு துண்டு, எத்தன வருஷம் துவைச்சதோ தெரியல, தொட்டா பூ மாதிரி இருக்கும், அதை வெட்டி ஆறு ஜப்லா கையாலயே தச்சு குடுத்தா. கழுத்துகிட்ட நீளமா நாடா வச்சிருந்தா, அதை மட்டும் வெட்டிட்டு பட்டன் இல்லாம பக்கத்துல சின்னதா முடிச்சு போடுற மாதிரி மாத்துனேன், ஆச்சிக்கு ரெண்டு நாள் மூஞ்சி சரியில்ல. ராத்திரி கையில இருந்த வசம்பு வளையலையும் கழட்டி வச்சேன், வாய்ல போட்டு முழுங்கிட்டா யாரு பாக்க? தலை உருண்டையா வரணும்னு வச்சிருந்த இலவம்பஞ்சு தலகாணியும் போச்சு. பெட்ஷீட்டுக்கு பதிலா கொசுவலை. மல்லாக்கத்தான் போடுறது, எப்பவும். சேலைத் தொட்டில்ல பகல்ல நான் பக்கத்துல இருக்கும்போது மட்டும்.

சுத்தி வைக்குறத உடனே விட முடியல, கை உதறி முழிச்சுக்குவா. அதனால மெல்லிசு துணியில தோளுக்கு கீழ, நெஞ்சுகிட்ட என் ரெண்டு விரல் போற அளவு லூசா, கால் தவக்கா மாதிரி மடக்கி விரிக்க இடம் விட்டு. கால நேரா நீட்டி இறுக்கிக் கட்டுனா இடுப்பு எலும்புக்கு கெடுதல். மூணு மாசத்துல ஒருச்சாஞ்சு புரள பாத்தா, அன்னையோட அந்த துணிய மடிச்சு வச்சாச்சு.

அம்மாவோட ஒரு ஒப்பந்தம், வெளிய காத்துல போகும்போது குல்லா உண்டு, வீட்டுக்குள்ள வந்ததும் கழட்டிரணும். அதுக்கே "எங்க காலத்துல நீங்க எல்லாம் வளரலையா"ன்னு ஒரு பாட்டு. வளந்தோம்தான், ஆனா ஆச்சி காலத்துல கம்பளியும் ஏது பாலியஸ்டரும் ஏது, எல்லாம் இந்த நேரியல்தானே.

அந்த பேக் பீரோவுல இருக்கு. அண்ணன் ஞாயித்துக்கிழமை வீடியோ கால் பண்ணும்போது மட்டும் எடுத்து விரிச்சு, ஃபேன கூட்டி வச்சு, பாப்பாவ அதுக்கு மேல படுக்க வச்சு காட்டுவேன்.