பெயரை மறைத்துக் கொடுங்கள்

சந்தேகத்துக்குரிய கையெழுத்தை நிபுணரிடம் கொடுக்கும்போது, யார்மேல் சந்தேகம் என்று வாய் திறக்கக் கூடாது. பலருடைய மாதிரிகளைக் கலந்து வைக்க வேண்டும். சொல்லச் சொல்ல எழுதியவை மட்டும் போதாது, அன்றாட வேலையில் எழுதியவையும் வேண்டும். இதெல்லாம் வெறும் சம்பிரதாயம் என்று நினைப்பவர்கள் டிரைஃபஸ் வழக்கைப் படிக்கலாம்.

1894 செப்டம்பரில், பாரிஸில் இருந்த ஜெர்மன் தூதரகத்தின் குப்பையிலிருந்து துப்புரவுப் பெண் வழியாகக் கிழிந்த மெல்லிய தாள் ஒன்று பிரெஞ்சு ராணுவ உளவுப் பிரிவுக்கு வந்தது. ஒட்டிப் பார்த்தால், விற்கப்படும் ராணுவக் குறிப்புகளின் பட்டியல். பெரும்பாலும் பீரங்கி விஷயம். எழுதியவர் தலைமையகத்தில் பயிற்சி பெற்ற பீரங்கி அதிகாரி என்று ஊகித்துப் பெயர்ப்பட்டியலைப் புரட்டினார்கள். டிரைஃபஸ் என்ற யூதரின் பெயரில் பார்வை நின்றது. ஒப்பீடு அதற்குப் பிறகுதான்.

வங்கியின் கையெழுத்து நிபுணர் கோபேர், வேறொருவர் எழுதியிருக்கலாம் என்றார். அவரை விட்டுவிட்டு பெர்த்தியோனிடம் போனார்கள். உடல் அளவுகளால் குற்றவாளிகளை அடையாளம் காண்பதில் கெட்டிக்காரர், கையெழுத்தில் அனுபவமில்லை. ஒத்துப்போகும் எழுத்துகள் டிரைஃபஸுடையவை, ஒத்துப்போகாதவை அவரே வேண்டுமென்று மாற்றி எழுதியவை என்றார். இந்த வாதத்தில் தப்பிக்க யாருக்கு வழி? போதாததற்கு, எதிர்த்தரப்புக்குக் காட்டாத ரகசியக் கோப்பு ஒன்றும் நீதிபதிகள் கைக்குப் போனது. டிரைஃபஸுக்கு ஆயுள் தண்டனை, சாத்தான் தீவு என்ற சிறைத் தீவு. யூத வெறுப்புப் பத்திரிகைகள் கொண்டாடின.

1896-ல் உளவுப் பிரிவின் புதிய தலைவர் பிக்கார், எஸ்தெர்ஹாசி என்ற ராணுவ அதிகாரியின் கடிதங்களைப் பெயர் மறைத்து அதே பெர்த்தியோனிடம் காட்டினார். பட்டியலை எழுதிய கைதான் என்று உடனே சொல்லிவிட்டார். பெயர் தெரியாதவரை அவர் கண் ஒழுங்காகவே வேலை செய்திருக்கிறது! கடிதம் அண்மையில், அதாவது டிரைஃபஸ் தீவில் இருக்கும்போது, எழுதப்பட்டது என்றதும், யூதர்கள் யாரையோ அந்தக் கையெழுத்தில் பழக்கியிருக்கிறார்கள் என்று பேச்சை மாற்றினார்.

பிக்காரைத் துனீசியாவுக்குத் தள்ளினார்கள். எஸ்தெர்ஹாசி 1898 ஜனவரியில் ராணுவ நீதிமன்ற விசாரணையில் விடுதலையானார். இரண்டு நாளில், டிரைஃபஸுக்காக எழுத்தாளர் ஸோலாவின் பகிரங்கக் கடிதம் வந்தது. உளவுப் பிரிவு அதிகாரி ஆன்ரி டிரைஃபஸுக்கு எதிராகத் தயாரித்த போலிக் கடிதத்தை ஜூலையில் போர் அமைச்சரே நாடாளுமன்றத்தில் வாசித்தார். ஆகஸ்டில் குய்னியே என்ற அதிகாரி அதை இரவில் விளக்கொளியில் பார்த்தபோது, ஒட்டிய துண்டுகளில் தாளின் கோடுகளின் நிறம் ஒத்துப்போகவில்லை. ஆன்ரி ஒப்புக்கொண்டு, மறுநாள் சிறையில் கழுத்தை அறுத்துக்கொண்டார். அமைச்சர் பதவி விலகினார்.

இவ்வளவும் தெரிந்த பிறகும் 1899-ல் ரென் நகர ராணுவ நீதிமன்றம் 5-க்கு 2 என்று டிரைஃபஸை மறுபடி குற்றவாளி என்றது. 1894-ல் டிரைஃபஸுக்கு எதிராகச் சொன்ன கையெழுத்து நிபுணர் சாரவே, எஸ்தெர்ஹாசியின் எழுத்தைப் பார்த்தபின் தான் தவறியதாக அங்கே ஒப்புக்கொண்டார். பெர்த்தியோன் பழைய வரைபடங்களோடு வந்திருந்தார்.