பழைய ஸ்மார்ட் டிவியில் ஓடிடி செயலியை அமைத்த அனுபவம்

ஸ்மார்ட் டிவியில் ஓர் ஓடிடி செயலியை நிறுவுவதற்குச் சில நிமிடங்களே போதும் என்று பொதுவாகச் சொல்வார்கள். நிறுவுவது மட்டும் உண்மையில் அவ்வளவுதான். அதற்கு முன்னால் டிவியைத் தயார் செய்வதும், நிறுவிய பிறகு படம் தெளிவாகவும் வசனம் கேட்கும்படியாகவும் வரச் செய்வதும்தான் நேரம் பிடிக்கும் வேலைகள். உறவினர் ஒருவர் சில ஆண்டுகள் பயன்படுத்திவிட்டு எங்களிடம் கொடுத்த ஆண்ட்ராய்டு டிவி ஒன்றில் இந்த வேலை முழுவதையும் அண்மையில் தொடக்கத்திலிருந்து செய்து முடித்தேன். டைசன், வெப்ஓஎஸ் போன்ற பிற இயங்குதளங்களில் மெனுக்களின் பெயர்களும் இருப்பிடங்களும் மாறுமே தவிர, சிக்கல் வரும் இடங்கள் ஏறக்குறைய இவைதாம்.

பிறர் கையிலிருந்து வந்த டிவி என்றால் முதலில் செய்ய வேண்டியது ஃபேக்டரி ரீசெட், அதாவது புதிதாக வாங்கியபோது இருந்த நிலைக்கு டிவியைத் திருப்புவது. ரீசெட் செய்ததும் பழைய உரிமையாளரின் கணக்குகள் டிவியிலிருந்து அழிந்துவிடும் என்றாலும், அந்தந்தச் சேவையின் சாதனப் பட்டியலில் இந்த டிவியின் பெயர் தங்கிவிடக்கூடும் என்பதால், முடிந்தால் அதற்கு முன்பே ஒவ்வொரு செயலியிலிருந்தும் அவரை வெளியேறச் சொல்லிவிடுவது நல்லது. ரீசெட்டுக்குப் பின் வரும் தொடக்கத் திரைகளில் பல, நம்மிடம் சம்மதம் கேட்பவை. அவற்றில் ஒன்றையாவது நிதானமாகப் படிக்க வேண்டும்: திரையில் ஓடும் காட்சியை அடையாளம் கண்டு, நாம் எதைப் பார்க்கிறோம் என்ற தகவலைத் திரட்டுவதற்கான அனுமதி அது. அமெரிக்காவில் விசியோ என்ற டிவி நிறுவனம் பார்வையாளர்களின் சம்மதம் இல்லாமல் இவ்வாறு தரவு திரட்டியதாக எழுந்த வழக்கை 2017இல் 22 லட்சம் டாலர் செலுத்தி முடித்துக்கொண்டது. இந்த அனுமதியை மறுத்தாலும் ஓடிடி செயலிகள் இயங்குவதில் ஒரு குறையும் இல்லை, நான் மறுத்துவிட்டேன்.

அடுத்துத்தான் முதல் முட்டுக்கட்டை வந்தது. வைஃபை இணைந்துவிட்டதாக டிவி காட்டியது. ஆனால் ஸ்டோரைத் திறந்தால் இணைய இணைப்பு இல்லை என்றே செய்தி வந்தது. அதே வைஃபையில் கைப்பேசி நன்றாக வேலை செய்ததால் ரவுட்டரைச் சந்தேகிக்க இடமில்லை. காரணம் டிவியின் தேதியில் இருந்தது. நேரத்தை ஒளிபரப்பு சிக்னலிலிருந்து எடுத்துக்கொள்ளும்படி அந்த டிவியில் அமைக்கப்பட்டிருந்தது. ஆண்டெனாவோ கேபிளோ செருகப்படாத டிவிக்கு அந்த சிக்னல் எங்கிருந்து வரும்? தேதி பல ஆண்டுகள் பின்னால் நின்றிருந்தது. பாதுகாப்பான இணைய இணைப்பு ஒவ்வொன்றின் தொடக்கத்திலும் எதிர்முனையில் உள்ள சர்வர் தன் டிஜிட்டல் சான்றிதழைக் காட்டும். எந்த நாள் முதல் எந்த நாள் வரை அது செல்லுபடியாகும் என்பதும் அதிலேயே இருக்கும். டிவியின் நாட்காட்டிப்படி அந்தச் சான்றிதழ் இன்னும் நடைமுறைக்கே வரவில்லை என்பதால், டிவி அதை நம்ப மறுத்து இணைப்பைத் துண்டித்துக்கொண்டிருந்தது. அமைப்புகளில் தேதி, நேரம் என்ற பகுதிக்குச் சென்று, நெட்வொர்க் வழியாக நேரத்தை எடுத்துக்கொள்ளும்படி மாற்றிய உடனே ஸ்டோர் திறந்துகொண்டது. திரையில் வந்த செய்தி தேதியைப் பற்றி ஒரு சொல்கூடச் சொல்லவில்லை என்பதால், இந்த ஒரு காரணத்துக்காகவே பலர் ரவுட்டரை மாற்றும் அளவுக்குப் போயிருப்பார்கள் என்று நினைக்கிறேன்.

வைஃபையைப் பொறுத்தவரை, பெரும்பாலான ரவுட்டர்கள் 2.4 ஜிகாஹெர்ட்ஸ், 5 ஜிகாஹெர்ட்ஸ் என்ற இரு அலைவரிசைகளில் இயங்குகின்றன. முதலாவது சுவர்களைத் தாண்டித் தொலைவு வரை எட்டும். ஆனால் அக்கம்பக்கத்து ரவுட்டர்களும் புளூடூத் கருவிகளும் மைக்ரோவேவ் அடுப்பும் அதே அலைவரிசையில் நெருக்கியடிப்பதால் வேகம் நிலையாக இருப்பதில்லை. இரண்டாவது வேகமானது, ஆனால் ஒரு சுவரைக் கடந்தாலே வலுவிழக்கும். எங்கள் டிவிக்கும் ரவுட்டருக்கும் இடையே இருப்பது ஒரே சுவர் என்பதால் 5 ஜிகாஹெர்ட்ஸ் போதுமானதாக இருந்தது. கேபிள் இழுக்க வசதி உள்ளவர்களுக்கு அதுவே மிக நிலையான வழி. பல டிவிகளின் ஈதர்நெட் துளை நொடிக்கு 100 மெகாபிட் வேகத்துக்கு மேல் போகாது என்பதைச் சிலர் பெரிய குறையாகச் சொல்வதுண்டு. ஆனால் நெட்பிளிக்ஸ் தன் உதவிப் பக்கத்தில் முழு எச்டி படத்துக்குப் பரிந்துரைப்பது 5 மெகாபிட், 4கே படத்துக்கு 15 மெகாபிட் என்பதைப் பார்த்தால், 100 மெகாபிட் தாராளமாகப் போதும். வேகத்தைக் கைப்பேசியில் அளக்காமல் டிவியிலேயே அளந்து பார்ப்பது முக்கியம். இரண்டும் ஒரே இடத்தில் இருந்தாலும் இரண்டின் வைஃபை திறனும் ஒன்றல்ல.

செயலியைத் தேடுவதற்கு முன் டிவியின் மென்பொருளைப் புதுப்பித்தேன். பழைய மென்பொருளில் சில செயலிகள் ஸ்டோரில் கண்ணுக்கே தென்படுவதில்லை. புதுப்பித்த பிறகும் தென்படாவிட்டால், அந்த மாடலுக்கு அந்தச் சேவை ஆதரவை நிறுத்தியிருக்கலாம். அல்லது டிவியில் தேர்ந்தெடுத்த நாடு வேறாக இருக்கலாம். ஆதரவு நிறுத்தப்படுவது புதிதல்ல: 2015இல் யூடியூப் தன் பழைய இணைப்பு முறையைக் கைவிட்டபோது, 2012ஆம் ஆண்டிலும் அதற்கு முன்பும் வந்த பல டிவிகளில் அந்தச் செயலி நின்றுபோனது. அப்படிப்பட்ட நிலையில் எச்டிஎம்ஐ துளையில் செருகும் ஸ்ட்ரீமிங் ஸ்டிக் ஒன்றை வாங்கிக்கொள்வதுதான் என் பார்வையில் அறிவுடைய வழி. கைப்பேசிச் செயலியின் ஏபிகே கோப்பை (ஆண்ட்ராய்டு செயலியை நிறுவ உதவும் கோப்பு) யுஎஸ்பி வழியாக டிவியில் ஏற்றும்படி பலர் ஆலோசனை சொல்வார்கள். தொடுதிரைக்காக எழுதப்பட்ட செயலியை ரிமோட்டின் அம்புப் பொத்தான்களால் நகர்த்துவது பெரும்பாடு என்பதோடு, எங்கிருந்தோ எடுத்த கோப்பை நம்பிக் கணக்கைத் திறப்பதும் நல்லதல்ல.

எங்கள் டிவியில் செயலி ஸ்டோரில் இருந்தது, இடம்தான் இல்லை. 8 ஜிபி சேமிப்பகத்தில் பாதிக்கு மேல் இயங்குதளமே எடுத்துக்கொண்டிருந்தது. டிவியோடு வந்த செயலிகளில் சிலவற்றை முழுவதும் நீக்க முடியாது. ஆனால் அவற்றின் அப்டேட்களை மட்டும் நீக்கி, பிறகு முடக்கி வைக்கலாம். நாங்கள் தொடவே போகாத இரண்டு விளையாட்டுச் செயலிகளையும் ஒரு செய்திச் செயலியையும் அவ்வாறு முடக்கியதும் போதிய இடம் கிடைத்தது. அதன்பின் நிறுவுவது பொத்தானை அழுத்திக் காத்திருக்கும் வேலை மட்டுமே.

கணக்கில் நுழையும் கட்டத்தைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். செயலியைத் திறந்ததும் மின்னஞ்சலும் கடவுச்சொல்லும் கேட்கும் திரை ஒன்றும், கைப்பேசி வழியாக நுழையும் திரை ஒன்றும் தெரிவுகளாக வந்தன. நீளமான கடவுச்சொல்லை ரிமோட்டால் எழுத்தெழுத்தாகத் தேடி அழுத்துவது பொறுமையைச் சோதிப்பது. சுற்றி இருப்பவர்கள் அனைவரும் அதைத் திரையில் பார்ப்பார்கள் என்பது வேறு. எனவே இரண்டாவதைத் தேர்ந்தெடுத்தேன். திரையில் ஓர் இணைய முகவரியும், எழுத்துகளும் எண்களும் கலந்த ஒரு குறியீடும், பக்கத்தில் ஒரு க்யூஆர் கட்டமும் தோன்றின. விசைப்பலகையும் உலாவியும் இல்லாத சாதனங்களுக்கான இந்த வழிமுறைக்கு 2019இல் வெளியான ஆர்எஃப்சி 8628 என்ற பொதுத் தரநிலை இருக்கிறது. அதன்படி டிவி, சேவையின் சர்வரிடம் ஒரு குறியீட்டைக் கேட்டு வாங்கித் திரையில் காட்டுகிறது. பிறகு சில விநாடிகளுக்கு ஒருமுறை அனுமதி கிடைத்துவிட்டதா என்று சர்வரைக் கேட்டுக்கொண்டே இருக்கிறது. நாம் கைப்பேசியில் நம் கணக்கில் நுழைந்து அந்தக் குறியீட்டை இட்டு ஒப்புதல் அளித்ததும், டிவி அடுத்த முறை கேட்கும்போது அதற்கு ஒரு டோக்கன், அதாவது கணக்கைப் பயன்படுத்த அனுமதிக்கும் டிஜிட்டல் சீட்டு, தரப்படுகிறது. கடவுச்சொல் டிவியின் பக்கம் போவதே இல்லை.

இந்தச் செயல்முறை புரிந்துவிட்டால் நடைமுறையில் வரும் குழப்பங்கள் பல தீர்ந்துவிடும். கைப்பேசியும் டிவியும் ஒரே வைஃபையில் இருக்க வேண்டியதில்லை. கைப்பேசியின் மொபைல் டேட்டாவிலேயே செய்யலாம். குறியீட்டுக்கு ஆயுள் குறைவு. கைப்பேசியில் கடவுச்சொல்லைத் தேடி எடுப்பதற்குள் அது காலாவதியாகிவிடக்கூடும் என்பதால், முதலில் கைப்பேசியில் கணக்கைத் திறந்து வைத்துக்கொண்டு, அதன் பிறகே டிவியில் குறியீட்டை வரவழைத்தேன். இடையில் டிவியில் பின்செல்லும் பொத்தானை அழுத்தினால் புதுக் குறியீடு பிறக்கும். கையில் குறித்து வைத்திருக்கும் பழையது பயனற்றுப் போகும். முகவரியைத் தேடுபொறியில் தேடாமல், திரையில் உள்ளபடி உலாவியின் முகவரிப் பட்டையிலேயே தட்டச்சு செய்ய வேண்டும். செயலியை இயக்கித் தருகிறோம் என்று கட்டணம் கேட்கும் போலித் தளங்களும், உதவி மையம் என்ற பெயரில் தொலைபேசி எண் தரும் தளங்களும் தேடல் முடிவுகளில் கலந்திருப்பது வழக்கம். இந்த இணைப்புக்கென்று தனியே கட்டணம் கேட்டாலே அது மோசடி என்று கொள்ளலாம். அதேபோல், வேறு எவரோ அனுப்பும் குறியீட்டை நம் கணக்கில் இட்டால், எங்கோ இருக்கும் அவருடைய டிவிக்கு நாமே கதவைத் திறந்துவிட்டவர்களாவோம்.

உள்ளே நுழைந்து முதல் படத்தைப் போட்டபோது காட்சி மங்கலாக இருந்தது. முதல் சில விநாடிகள் மங்கலாக இருப்பது இயல்பு. படத்தைச் சில விநாடித் துண்டுகளாக வெட்டி, ஒவ்வொரு துண்டையும் பல தரங்களில் சர்வரில் வைத்திருப்பார்கள். இணைப்பின் வேகத்தை அளந்தபடியே அடுத்த துண்டு எந்தத் தரத்தில் வேண்டும் என்று செயலி கேட்டு வாங்கும். ஆனால் எங்கள் டிவியில் பத்து நிமிடம் கடந்தும் தெளிவு கூடவில்லை. வேகம் போதுமானதாக இருப்பதை முன்பே அளந்திருந்தேன். அடுத்துப் பார்த்தது வைட்வைன் நிலை. ஆண்ட்ராய்டு சாதனங்களில் படத்தைத் திருட்டிலிருந்து காக்கும் இந்த முறையில், எல்1 என்ற நிலை உள்ள சாதனங்களுக்கே சேவைகள் பொதுவாக எச்டி தரத்தைத் தருகின்றன. எல்3 நிலையில் உள்ளவற்றுக்குச் சாதாரணத் தரம்தான் கிடைக்கும். சான்றிதழ் பெறாத மலிவான ஆண்ட்ராய்டு பெட்டிகளில், பெட்டியின் மேல் 4கே என்று அச்சிட்டிருந்தும் படம் மங்குவதற்கு இதுவே முக்கியக் காரணம். எங்கள் டிவி எல்1 நிலையில்தான் இருந்தது. சந்தா எச்டிக்கு உரியதா என்று பார்த்தேன். அதுவும் சரியாகவே இருந்தது. கடைசியில் காரணம் கணக்கின் இணையப் பக்கத்தில் அகப்பட்டது: குடும்பத்தில் ஒருவர் பயணத்தின்போது மொபைல் டேட்டாவைச் சேமிக்க, நாங்கள் படம் பார்த்த ப்ரொஃபைலின் (ஒரே கணக்கில் ஒவ்வொருவருக்கும் உள்ள தனிப் பகுதி) டேட்டாப் பயன்பாட்டைக் குறைந்த அளவில் வைத்திருந்தார். டிவிச் செயலியின் மெனுவில் இந்த அமைப்பு இல்லை. உலாவியில் கணக்கைத் திறந்தால் மட்டுமே தென்படுகிறது. தானியங்கி என்று மாற்றிவிட்டு, செயலியிலிருந்து வெளியேறி மீண்டும் நுழைந்ததும் தெளிவு வந்துவிட்டது. டேட்டாவுக்கு மாத வரம்பு உள்ளவர்கள் ஒன்றை நினைவில் கொள்ள வேண்டும்: நெட்பிளிக்ஸ் கணக்கின்படி எச்டி படம் மணிக்கு 3 ஜிபி வரையும், 4கே படம் 7 ஜிபி வரையும் எடுக்கும்.

தெளிவு வந்த பிறகும் திரைப்படம் ஏதோ மேடை நாடகத்தை வீடியோவில் பிடித்தது போலவே தெரிந்தது. திரைப்படங்கள் பெரும்பாலும் விநாடிக்கு 24 பிரேம்களில் எடுக்கப்படுபவை. டிவி தானே இடைப்பிரேம்களைக் கற்பனை செய்து சேர்த்து அசைவை வழுவழுப்பாக்குவதன் விளைவு இது. விளையாட்டு ஒளிபரப்புக்கு அது பொருந்தலாம், படத்துக்குப் பொருந்தாது. 2019இல் அறிவிக்கப்பட்ட ஃபிலிம்மேக்கர் மோட் இருக்கும் டிவிகளில் அதைத் தேர்ந்தெடுத்தாலே போதும். எங்களுடையதில் இல்லாததால் சினிமா மோடை வைத்து, அசைவை மென்மையாக்கும் வசதியைத் தனியே நிறுத்தினேன்.

ஒலியில் இருந்த குறை வேறு வகை. பின்னணி இசை அதிர்ந்தது. வசனம் முணுமுணுப்பாக இருந்தது. அறையைச் சுற்றி வைக்கும் ஸ்பீக்கர்களுக்கான 5.1 ஒலித்தடத்தை டிவியின் இரண்டே ஸ்பீக்கர்களில் குறுக்கி ஒலிக்கும்போது இப்படி நேர்வதுண்டு. படம் ஓடும்போது மொழித் தெரிவில் அதே மொழியின் சாதாரண ஸ்டீரியோ தடத்தைத் தேர்ந்தெடுத்ததும் வசனம் தெளிவானது. சவுண்ட்பார் வைத்திருப்பவர்கள், ஏஆர்சி என்று குறிக்கப்பட்ட எச்டிஎம்ஐ துளையில்தான் அதைச் செருகியிருக்கிறோமா என்று பார்த்துக்கொள்ள வேண்டும். எச்டிஎம்ஐ துளைகளில் அது ஒன்றின் வழியாகவே டிவியில் ஓடும் செயலியின் ஒலி சவுண்ட்பாருக்குப் போகும்.

மீதி இருந்தவை சிறிய வேலைகள். அம்மாவுக்காகத் தனி ப்ரொஃபைல் ஒன்றைத் தொடங்கி, சப்டைட்டில் எழுத்தைப் பெரிதாக்கி, அதன் பின்னால் கறுப்புப் பட்டை வரும்படி வைத்தேன். இதுவும் கணக்கின் இணையப் பக்கத்தில் செய்ய வேண்டியதே. பெரியவர்களின் ப்ரொஃபைல்களைத் திறக்க ரகசிய எண் (PIN) வைத்தேன். மெனுவில் நகரும்போதே தானாக ஓடத் தொடங்கும் முன்னோட்டங்களை நிறுத்தினேன். பிறகு கணக்கின் சாதனப் பட்டியலைத் திறந்து, இப்போது பயன்பாட்டில் இல்லாத ஒரு கைப்பேசியையும் ஒரு டேப்லெட்டையும் வெளியேற்றினேன். ரிமோட்டில் அணைத்தால் டிவி உறக்க நிலைக்கு மட்டுமே போகிறது என்பதால், அதன் பிறகு என்றாவது செயலி பாதியில் உறைந்தால் சுவர் ஸ்விட்சை அணைத்து ஒரு நிமிடம் கழித்துப் போடுகிறோம். இதுவரை அதற்கு மேல் எதுவும் தேவைப்படவில்லை.